‘வரலாறும் சிறப்பும்: ஓர் ஆய்வு’ – திருகோணமலையில் சமய ஆய்வு செய்வோரும் செய்விப்போரும் தவிர்க்க வேண்டியவை

திருகோணமலைப் பிள்ளைகள் இந்து நாகரிகமோ இஸ்லாமியக் கற்கையோ படிக்க வந்தாறுமூலைக்கும் ஒலுவிலுக்கும் யாழ்ப்பாணத்துக்கும் பேராதனைக்கும் எனப் பல்கலைக்கழகங்களுக்குப் போகிறார்கள். இறுதியாண்டு வந்து ஆய்வுக்குத் தலைப்புக் கேட்டதும் எல்லோருக்கும் ஊர் ஞாபகம் வந்துவிடுகிறது. நல்லதுதான். ஆனால் மேசைக்கு வரும் முன்மொழிவுகளில் பெரும்பாலானவை ஒரே அச்சில் இருக்கும்: ‘திருக்கோணேஸ்வர ஆலயத்தின் வரலாறும் சிறப்பும்: ஓர் ஆய்வு’. கோயிலின் பெயரை மாற்றினால் வெருகலுக்கும் பொருந்தும், தம்பலகாமத்துக்கும் பொருந்தும். பள்ளிவாசலின் பெயரைப் போட்டால் மூதூருக்கும் சரி.

இதில் என்ன பிழை? சிறப்பு உண்டு என்று தலைப்பே தீர்ப்புச் சொல்லிவிட்டது. இனித் தேடிக் கண்டுபிடிக்க ஒன்றுமில்லை, அடுக்க வேண்டியதுதான். பதில் இப்படியும் வரலாம், அப்படியும் வரலாம் என்ற நிலை இருந்தால்தான் அது ஆய்வுக் கேள்வி. ‘நவராத்திரிக் கும்ப விழாவின் சிறப்பு’ என்பது கேள்வி அல்ல. ‘இந்த வீதியில் கும்பத்துமால் (கும்பம் வைக்கும் பந்தல்) போடுவதை யார் தீர்மானிக்கிறார்கள், கும்பம் தாங்குபவர் எப்படித் தெரிவாகிறார்?’ என்பது கேள்வி. இதற்கு விடை எந்தப் புத்தகத்திலும் இல்லை. பிள்ளை போய்த்தான் ஆகவேண்டும்.

பிள்ளைகளில் குற்றம் சொல்ல மாட்டேன். நம் பாடசாலையில் சைவப் பிள்ளை சைவநெறி படிக்கிறது, முஸ்லிம் பிள்ளை இஸ்லாம் படிக்கிறது, கிறிஸ்தவப் பிள்ளை தன் திருமறையைப் படிக்கிறது. சாதாரண தரம் வரை அதுதான் கட்டாயப் பாடம். ‘சிறப்புகளை விளக்குக’ என்று கேட்டுக் கேட்டே வளர்த்துவிட்டு, பல்கலைக்கழகத்தில் திடீரென்று ‘விமர்சன நோக்கு எங்கே?’ என்று சிவப்பு மையில் எழுதுவது நியாயமில்லை. முதலாம் வருடத்திலேயே இந்த வேறுபாட்டை உட்கார்ந்து சொல்லிக்கொடுக்க வேண்டும். தன் சமயத்தைக் கற்பது ஒன்று, சமயம் என்ற ஒன்றைக் கற்பது வேறொன்று.

‘சேர், நான் கோயிலுக்குப் போற ஆள், இப்பிடி எழுதினா அபச்சாரமில்லையா?’ என்று சில பிள்ளைகள் கேட்பதுண்டு. இதைச் சிரித்துக் கடத்துவதும் ஒரு பெரிய தவறு. 1967-இல் இங்கிலாந்தின் லங்காஸ்டர் பல்கலைக்கழகத்தில் சமயக் கற்கைத் துறையைத் தொடங்கிய நினியன் ஸ்மார்ட் சொன்ன வழி இங்கே உதவும். நம்பிக்கை உண்மையா பொய்யா என்ற வழக்கை ஆய்வுக்கு வெளியே வைத்துவிட்டு, நம்புகிறவர்கள் என்ன செய்கிறார்கள், என்ன சொல்கிறார்கள், எப்படி ஒன்றுகூடுகிறார்கள் என்று பார்ப்பது. பிள்ளை தன் நம்பிக்கையை விட வேண்டியதில்லை, ஆய்வேட்டில் அதைச் சான்றாகக் காட்டாமல் இருந்தால் போதும். (ஸ்மார்ட்டின் ஏழு பரிமாணங்களை அப்படியே ஏழு அத்தியாயமாக்கிக் கொண்டுவருபவர்களும் உண்டு. அதையும் தடுத்துவிடுங்கள்.)

சான்றில் நேரும் பிழைகள்

இந்த ஊரை ஆய்வு செய்பவர்கள் அதிகம் வழுக்கும் இடம் இதுதான். சான்று இல்லாததால் வரும் சிக்கல் அல்ல இது. சான்று நிறைய இருக்கிறது, எது எந்த வகை என்று பிரிக்காமல் ஒரே மூட்டையில் கட்டிவிடுகிறோம்.

கோணேசர் கல்வெட்டையே எடுத்துக்கொள்வோம். அது கவிராசவரோதயன் பெயரில் வழங்கும் நூல். கோயில் தொழும்பு (பணி), உரிமை, கடமை பற்றியெல்லாம் பேசுகிறது. ஆனால் பெயரை மட்டும் பார்த்துவிட்டு அதைக் கல்லில் வெட்டிய சாசனங்களின் பட்டியலில் சேர்த்துவிடுகிறார்கள். கோயிலுக்குத் திருப்பணி செய்ததாகச் சொல்லப்படும் மன்னன் குளக்கோட்டன் காலத்தில் நடந்ததை நேரில் கண்ட சாட்சி போல அதைக் காட்டுகிறார்கள். பிற்காலத்தவர் கோயிலின் பழைய ஒழுங்கை எப்படி நினைத்தார்கள், யாருக்கு என்ன உரிமை என்று நிலைநாட்ட விரும்பினார்கள் என்பதற்கு அது அருமையான சான்று. அந்தக் கேள்வியைக் கேட்டால் நூல் அள்ளிக்கொடுக்கும். குளக்கோட்டன் எந்த ஆண்டில் வாழ்ந்தான் என்று கேட்டால் கையை விரிக்கும்.

அடுத்தது பிரட்றிக் கோட்டை வாசல் கல். ‘முன்னே குளக்கோட்டன்’ என்று தொடங்கும் பாடலை, பறங்கியர் (போர்த்துக்கேயர்) வருவதை முன்கூட்டியே சொன்ன சாசனம் என்று முழுதாக எழுதி, அடிக்குறிப்பில் ‘கோட்டை வாசல் கல்வெட்டு’ என்று போட்டுவிடுவார்கள். போய்ப் பாருங்கள். கல்லில் இருப்பது சிதைந்த சில எழுத்துகள்தான், பக்கத்தில் மீன் இலச்சினை. முழுப் பாடல் மரபுவழியாக வந்தது, பாடபேதங்களும் உண்டு. கல்லில் இருப்பதை ஒரு பத்தியிலும், வழங்கிவரும் பாடலை இன்னொரு பத்தியிலும், இரண்டையும் இணைத்துப் படித்தவர்களின் வாதத்தை மூன்றாவதிலும் எழுதச் சொல்லுங்கள். அந்தப் பிள்ளைக்கு ஆய்வு என்றால் என்ன என்பது அந்த மூன்று பத்தியில் விளங்கிவிடும்.

சம்பந்தர் தேவாரமும் இப்படித்தான். மூன்றாம் திருமுறையில் கோணமலைப் பதிகம் இருக்கிறது. ஏழாம் நூற்றாண்டில் தமிழ்நாட்டுப் பக்தி உலகில் இந்தத் தலம் அறியப்பட்டிருந்தது என்பதற்கு அது உறுதியான சான்று. அன்றைய கட்டடம் எவ்வளவு பெரிது, எத்தனை கோபுரம் என்பதற்கு அதில் சான்று தேடக்கூடாது. போர்த்துக்கேயர் கோயிலை இடித்ததற்கு 1622 என்று ஒரு பக்கத்திலும் 1624 என்று இன்னொரு பக்கத்திலும் ஒரே ஆய்வேட்டில் எழுதியிருப்பார்கள். கோயில் இடிப்பும் கோட்டை கட்டுமானமும் இரண்டு நிகழ்ச்சி என்று பிரித்தால் பாதிக் குழப்பம் தீரும். 1950-இல் கிணறு வெட்டும்போது கிடைத்த வெண்கலத் திருமேனிகளையும் 1963 கும்பாபிஷேகத்தையும் இரண்டு வரியில் முடித்துவிடுகிறார்கள். அந்தப் பதின்மூன்று ஆண்டுகளில் கோயில் எப்படி மீண்டது, யார் முன்நின்றார்கள், பணம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால் தனி ஆய்வே செய்யலாம்.

பெரியகுளம் பக்கத்து வெல்கம் விகாரையைப் பற்றிப் பேசும்போது வகுப்பில் எப்போதும் ஒரு சலசலப்பு எழும். சோழர் காலத்தில் அதற்கு இராஜராஜப் பெரும்பள்ளி என்று பெயர். அங்கே கிடைத்த தமிழ்க் கல்வெட்டுகள் பௌத்தப் பள்ளிக்கு அளித்த கொடைகளைச் சொல்கின்றன. தமிழ் என்றால் சைவம், பௌத்தம் என்றால் சிங்களம் என்று இன்றைய எல்லைக்கோட்டை அன்றைய நிலத்தில் கிழித்துவிட்டு ஆய்வைத் தொடங்குபவருக்கு இந்தக் கல்வெட்டுகள் தொல்லை. இன்றைய காணிச் சண்டைக்கு இரு தரப்பும் இவற்றைத் தூக்கிக்கொண்டு ஓடுவது வேறு கதை. மாணவர் அதற்குள் இறங்க வேண்டாம். கல்வெட்டு என்ன சொல்கிறது, எவ்வளவு சொல்கிறது என்று நிறுத்தக் கற்றுக்கொண்டால் போதும்.

களத்துக்குப் போகுமுன்

நாட்காட்டியைப் பார்க்காமல் முன்மொழிவை அங்கீகரிப்பது மேற்பார்வையாளர் செய்யும் தவறு. கும்ப விழா ஆய்வுக்குக் கார்த்திகையில் அனுமதி கொடுத்தால் நவராத்திரி போய்விட்டது. பிள்ளை வேறு வழியின்றி யூடியூப் காணொளியைப் பார்த்து எழுதும். கிண்ணியாவில் நோன்பு மாதத்துப் பின்னேரத்தில் நேர்காணல் வைத்தால் பாவம், யார் உட்கார்ந்து பேசுவார்கள்? அப்புறம், துடக்கு, அதாவது தீட்டு. மாணவி ஒருத்தி திருவிழா நாளில் கோயிலுக்குள் போக முடியாமல் போகலாம். அதை அவள் மேற்பார்வையாளரிடம் சொல்லத் தயங்குவாள், ஆண் மேற்பார்வையாளர் என்றால் இன்னும் தயங்குவாள். ‘ஏன் தரவு இல்லை?’ என்று பிறகு அதட்டுவதைவிட, இரண்டு பேராகப் போகும்படி ஆரம்பத்திலேயே ஒழுங்கு செய்வது நல்லது.

அனுமதிக்குக் கடிதம் வேண்டும். கோயில் பரிபாலன சபைக்கு, பள்ளிவாசல் நம்பிக்கையாளர் சபைக்கு, பங்குத்தந்தைக்கு என்று தனித்தனியே. ஆனால் தலைவர் சம்மதித்தால் எல்லோரும் சம்மதித்த மாதிரி ஆகாது. தெய்வம் ஏறி ஆடுபவரைப் படம் எடுப்பதற்கு, அவர் சுயநினைவோடு இருக்கும் நாளில் அவரிடமே கேட்க வேண்டும்.

நேர்காணல் கேள்விகளை முன்கூட்டியே வாங்கிப் படித்துப் பாருங்கள். ‘ஐயா, இந்தக் கோயில் மிகவும் பழமையானதுதானே?’ என்று கேட்டால் ‘ஓம் தம்பி’ என்றுதான் பதில் வரும். அதை எழுதிவிட்டு ‘பழமையானது என மக்கள் கருதுகின்றனர்’ என்று முடிவுரையில் போடலாம், ஆனால் அதில் யாருக்கும் லாபமில்லை. ‘போன வருசம் மால் போடேக்க முதல் ஆர் வந்தவை? அதுக்கு முந்தின வருசமும் அவைதானா?’ என்று கேட்டால் பெரியவர் நிமிர்ந்து உட்காருவார். பெயர்கள் வரும், கோபங்கள் வரும், யுத்த காலத்தில் விட்டுப்போனது வரும், கொழும்பிலிருந்தும் கனடாவிலிருந்தும் பணம் அனுப்புபவர்கள் வருவார்கள்.

நூறு வினாக்கொத்து கொடுத்து வட்ட வரைபடம் போடுவதை விஞ்ஞானம் என்று நினைக்கும் மேற்பார்வையாளர்கள் இன்னும் இருக்கிறார்கள். ‘அம்மன் மீது நம்பிக்கை உண்டா? ஆம்/இல்லை’ என்று கோயில் வாசலில் நின்று கேட்டால் என்ன விடை வரும் என்று வாசலில் பூ விற்பவருக்குக்கூடத் தெரியும்.

வகுப்பறையில்

ஒரே ஒரு முஸ்லிம் மாணவி இருக்கும் வகுப்பில், ‘பிள்ளை, உங்கட மார்க்கத்தில இதுக்கு என்ன சொல்லியிருக்கு?’ என்று எல்லோர் முன்னிலையிலும் கேட்பது அன்பாகத்தான் கேட்கப்படும். ஆனால் அந்தப் பிள்ளை அந்தக் கணத்தில் மாணவி அல்ல, ஒரு மார்க்கத்தின் பேச்சாளர். தெரியாது என்று சொல்லவும் முடியாது. சைவப் பிள்ளையிடம் யாரும் சைவசித்தாந்தத்துக்கு எழுந்து நின்று பொறுப்புச் சொல்லக் கேட்பதில்லையே.

இதோடு ஒட்டிய இன்னொன்று, நூலை வைத்து மக்களுக்குப் புள்ளி போடுவது. கந்தூரி (பெரியார் நினைவு விருந்து), மௌலூது (புகழ்ப்பா ஓதுதல்) பற்றி எழுதும் பிள்ளை ‘இஸ்லாம் இதை அனுமதிக்கவில்லை’ என்று முடிக்கிறது. குளிர்த்தி, மடை போன்ற ஊர்க்கோயில் சடங்குகள் பற்றி எழுதும் பிள்ளை ‘இது ஆகமத்தில் இல்லாத கிராமிய வழக்கம்’ என்று முடிக்கிறது. இரண்டும் ஒரே பிழை. அனுமதியா இல்லையா என்று தீர்ப்புச் சொல்வது மௌலவிக்கும் குருக்களுக்கும் உரிய வேலை. எந்தக் குடும்பங்கள் விட்டன, எப்போது விட்டன, விடாதவர்கள் என்ன நியாயம் சொல்கிறார்கள் என்று கேட்பது ஆய்வாளர் வேலை.

மேற்பார்வை

எழுத்துப்பிழையை மட்டும் வட்டமிட்டுத் திருப்பிக் கொடுப்பது, கடைசி மாதம் வரை சந்திக்காமல் இருப்பது, பிறகு பரிதாபப்பட்டுத் தானே திருத்தி எழுதிக் கொடுப்பது: இவை எல்லோருக்கும் தெரிந்த கதை, விட்டுவிடுவோம். இணையத்திலிருந்து வெட்டி ஒட்டியதும் செயற்கை நுண்ணறிவு எழுதித் தந்ததும் களக்குறிப்பேட்டைக் காட்டச் சொன்னால் பெரும்பாலும் தெரிந்துவிடும். குறிப்பேட்டை மாதம் ஒருமுறை பாருங்கள், போதும்.

கன்னியா வெந்நீரூற்று போன்ற சர்ச்சைக்குரிய தலைப்புகளில் மட்டும் இன்னும் கவனம் தேவை. அந்த இடம் யாருக்கு உரியது என்ற விவகாரம் நீதிமன்றம் வரை போனது. ஆர்வத்தில் ஒரு இருபத்துமூன்று வயதுப் பிள்ளையைத் தனியாக அங்கே கேள்வி கேட்க அனுப்பாதீர்கள். முதல் தடவை நீங்களும் கூடப் போங்கள். யாருடைய பெயர் ஆய்வேட்டில் வரலாம், யாருடையது வரக்கூடாது என்று எழுதத் தொடங்கும் முன்பே பேசி முடித்துவிடுங்கள். ஒலிப்பதிவு யாரிடம் இருக்கும், வைவா (வாய்மொழித் தேர்வு) முடிந்ததும் அதை அழிப்பதா வைத்திருப்பதா என்பதையும் அப்போதே எழுதி வையுங்கள்.

ஆய்வேடு மூன்று பிரதி அச்சாகிறது என்றால் நான்காவதை அந்தக் கோயிலுக்கோ பள்ளிவாசலுக்கோ கொடுக்கச் சொல்லுங்கள். வாசித்துவிட்டு யாராவது தொலைபேசியில் கூப்பிட்டு, ‘இந்தப் பக்கத்தில எங்கட அப்பப்பாட பெயரப் பிழையா போட்டிருக்கு’ என்று சண்டைக்கு வந்தால் பயப்பட வேண்டாம். போய்க் கேட்டு, திருத்தி, நூலகப் பிரதியிலும் ஒரு திருத்தத் தாளை ஒட்டிவிடலாம்.