இரவில் மணக்கும் ஆர்க்கிட்: முதல் செடியை வளர்ப்பது எப்படி?

பூத்திருக்கும் செடியைப் பகலில் முகர்ந்துவிட்டு, "இதில் வாசனையே இல்லையே" என்று உதட்டைப் பிதுக்குகிறவர்கள் நிறையப் பேர். அதே பூவிடம் நன்றாக இருட்டிய பிறகு போய் நின்றால் கதையே வேறு. இந்த ஆர்க்கிடுகள் மணப்பது பருந்து அந்துப்பூச்சிகளை வரவழைக்க. அவை வெளியே கிளம்பும் நேரத்தில்தான் வாசனை கிளம்பும். பூக்கள் பெரும்பாலும் வெள்ளையாகவோ வெளிர்பச்சையாகவோ இருப்பதும், மங்கிய வெளிச்சத்தில் கண்ணில் படத்தான். தேன் ஒரு நீண்ட குழலின் அடியில் இருக்கும். நீளமான உறிஞ்சுகுழல் உள்ள பூச்சிக்குத்தான் எட்டும்.

1. எந்தச் செடி?

முதல் செடியாகப் பிராசவோலா நோடோசாவை வாங்குங்கள். மெக்சிகோவிலிருந்து தென் அமெரிக்காவின் வடபகுதி வரை, கடலோர மரங்களிலும் பாறைகளிலும் வெயிலையும் உப்புக்காற்றையும் தாங்கி வளர்கிற செடி. கொஞ்சம் மறதிக்காரர்களிடமும் பிழைத்துக்கொள்ளும். 'லேடி ஆஃப் தி நைட்' என்று கேட்டால் ஆர்க்கிடே அல்லாத வேறு செடியையும் தந்துவிடுவார்கள். தாவரவியல் பெயரைச் சொல்லிக் கேளுங்கள்.

பலருக்கு ஆசை மடகாஸ்கரின் ஆங்கிரேகம் செஸ்குயிபெடலே மீது. ஆசைப்படுவதில் தப்பில்லை. அதன் பூவுக்குப் பின்னால் சுமார் 30 செ.மீ. நீளத் தேன்குழல் தொங்கும். அதைப் பார்த்த டார்வின், இவ்வளவு நீள உறிஞ்சுகுழல் கொண்ட அந்துப்பூச்சி ஒன்று மடகாஸ்கரில் இருந்தே தீர வேண்டும் என்று 1862-இல் எழுதினார். அப்படிப்பட்ட பூச்சி 1903-இல் அறிவியல் முறைப்படி விவரிக்கப்பட்டது; அப்போது டார்வின் உயிரோடு இல்லை. ஆனால் செடி மெதுவாக வளரும், வேரைத் தொந்தரவு செய்தால் மாதக்கணக்கில் முறுக்கிக்கொள்ளும். இரண்டாவது செடியாக வைத்துக்கொள்ளலாம்.

2. வெளிச்சம்

பூக்காத பிராசவோலாவுக்குப் பெரும்பாலும் வெளிச்சக் குறைதான் காரணம். காலை வெயில் நேராகப் படலாம். உச்சி வெயிலை மட்டும் நிழல்வலையோ மெல்லிய திரையோ போட்டு வடிகட்டுங்கள். அளவு சரியா என்று இலையே சொல்லும். வெளிர்பச்சையாக, லேசான செம்புள்ளிகளோடு விறைப்பாக இருந்தால் சரி. கரும்பச்சையாக நீண்டு துவண்டால் போதவில்லை. வெளுத்த திட்டுகள் வந்தால் வெயில் சுட்டுவிட்டது. நிழலில் இருந்த செடியை ஒரே நாளில் வெயிலுக்கு மாற்றாமல், சில வாரங்களில் படிப்படியாக நகர்த்துங்கள்.

3. நடுவது

மண் வேண்டவே வேண்டாம். இவை மரக்கிளையைப் பற்றி வளரும் தொற்றுத்தாவரங்கள். வேருக்குக் காற்று வேண்டும். பெரிய மரப்பட்டைத் துண்டுகளும் கரித்துண்டுகளும் கலந்து, பக்கவாட்டில் துளையுள்ள மண்தொட்டியில் வைக்கலாம். இன்னும் நல்லது, சொரசொரப்பான மரக்கட்டையில் நூலால் கட்டித் தொங்கவிடுவது. வேர் கட்டையைப் பிடித்துக்கொண்டதும் நூலை அவிழ்த்துவிடலாம். தொட்டி மாற்றுவதாக இருந்தால், புதுவேர் முளைக்கத் தொடங்கும் நேரம் பார்த்துச் செய்யுங்கள்.

4. தண்ணீர்

பெரும்பாலான செடிகள் போய்ச்சேருவது இங்கேதான்: வாடியதால் இல்லை, அழுகி.

வேரை உற்றுப் பாருங்கள். மேலே வெள்ளிபோல் வெளுத்த உறை இருக்கும். அதற்கு வெலமன் என்று பெயர். தண்ணீர் பட்ட சில நொடிகளில் உறை நீரை உறிஞ்ச, உள்ளிருக்கும் பச்சை கண்ணெதிரே தெரிய ஆரம்பிக்கும். பச்சையாக இருக்கும்வரை வேருக்குத் தாகமில்லை. மீண்டும் வெளுத்த பிறகு ஊற்றுங்கள். ஊற்றும்போது அடியில் வழிந்தோடும்படி தாராளமாக ஊற்றி, அப்புறம் நன்றாக உலர விடுங்கள். கட்டையில் கட்டிய செடிக்கு வெயில் காலத்தில் தினமும் தேவைப்படலாம். தொட்டிச் செடிக்கு இடைவெளி கூடும். இத்தனை நாளுக்கு ஒருமுறை என்ற கணக்கு எதுவும் உதவாது.

காலையில் ஊற்றுவதே நல்லது. இரவில் இலை இடுக்கில் தண்ணீர் தேங்கினால் குருத்து அழுகும்; ஆங்கிரேகத்துக்கு இது பெரிய ஆபத்து. தடித்த இலையுள்ள ஆர்க்கிடுகள் பலவும் பகலில் இலைத்துளைகளை மூடிக்கொண்டு, இரவில் திறந்து கரியமிலவாயுவை எடுத்துக்கொள்ளும். நீர் வீணாகாமல் இருக்கச் செடி செய்யும் ஏற்பாடு இது. அதனால் ஒருநாள் விட்டுப்போனாலும் பதறி இருமடங்கு ஊற்ற வேண்டாம்.

5. உரம்

தளிர் விடும் காலத்தில் 20-20-20 உரத்தை (தழை, மணி, சாம்பல் சத்துகள் மூன்றும் சம அளவில் உள்ளது), உறையில் சொன்ன அளவில் கால் பங்கு கரைத்து, இரண்டு வாரத்துக்கு ஒருமுறை கொடுத்தால் போதும். மாதம் ஒருமுறை வெறும் தண்ணீரால் உப்பை அலசிவிடுங்கள்.

6. பூக்கும்போது

இலையின் அடியிலிருந்து காம்பு எட்டிப் பார்க்கும். இந்தச் சமயத்தில் இடம் மாற்றினாலோ வேர் அடியோடு காய்ந்தாலோ மொட்டு மஞ்சளாகி உதிரும். குளிரும் ஆகாது, 15 டிகிரிக்குக் கீழே போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். பூ விரிந்த அன்றே முழு மணத்தை எதிர்பார்க்க வேண்டாம், பெரும்பாலும் ஓரிரு நாள் எடுக்கும். பிராசவோலாவின் வாசனையில் எலுமிச்சைச் சாயல் இருக்கும்.

மொட்டெல்லாம் விரிந்த பிறகு, இரவில் நீங்கள் உட்காரும் இடத்துக்குச் செடியைக் கொண்டுவரலாம். மூடிய சின்னப் படுக்கையறை வேண்டாம். கடும் வாசனையில் சிலருக்குத் தலைவலி வரும்.