களிமண் பொம்மைக்குக் கை தூக்கக் கற்றுக்கொடுப்பது

பொம்மையைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி, ஒவ்வொரு நகர்வையும் போட்டோ எடுத்து, அவற்றை வேகமாக ஓட்டினால் பொம்மை தானே அசைவதுபோல் தெரியும்; இதுதான் ஸ்டாப் மோஷன். இதற்கு முதலில் ஜன்னலை மூடிவிடுங்கள். வெயில் நகர்ந்தால் படம் மினுக்கும். என் முதல் படத்தில் அரை நாள் உழைப்பு அப்படித்தான் வீணானது. ஒரே மேசை விளக்கு போதும். போனை அசையாமல் கட்டி, ஃபோகஸையும் எக்ஸ்போஷரையும் (படத்தின் வெளிச்ச அளவு) மாறாமல் பூட்டிவிடுங்கள்.

பொம்மைக்குள் அலுமினியக் கம்பி, மேலே காயாத எண்ணெய்க் களிமண். பாதத்தைத் தெர்மாகோல் பலகையில் குண்டூசியால் குத்தி நிறுத்துங்கள்.

நொடிக்கு 12 படம் என்றால் நிமிடத்துக்கு 720. கை தூக்கும்போது ஒவ்வொரு படத்துக்கும் தொடக்கத்தில் 2 மில்லிமீட்டர், நடுவில் 6, முடிவில் மறுபடி 2 என்று நகர்த்துங்கள். எல்லாம் ஒரே அளவானால் கை கிரேன் மாதிரி ஏறும். அப்புறம், கை போய்ச் சேர்ந்ததும் பொம்மையைத் தொடாமல் 6 படம் எடுங்கள். அவசரக்காரனான எனக்கு இன்னும் கைவராதது அந்த அரை நொடிதான்.