‘ஷெர்லாக் ஜூனியர்’ படத்தை எப்படிப் பார்ப்பது?

பஸ்டர் கீட்டன் இயக்கி நடித்து 1924இல் வெளிவந்த ‘ஷெர்லாக் ஜூனியர்’ ஏறத்தாழ முக்கால் மணி நேரமே ஓடும் பேசாப்படம் என்பதால், முதல் முறை எங்கும் நிறுத்தாமல் பார்த்துவிட்டு, மறுமுறை சில இடங்களில் மட்டும் நின்று பார்ப்பது நல்லது.

முதலில் நல்ல பிரதியைத் தேடுங்கள். சிரிக்காத முகத்தோடு, கண்களாலும் உடலாலும் மட்டுமே நடிப்பவர் கீட்டன். மங்கிய பிரதியில் அந்த நடிப்பு பாதி அழிந்துவிடும். இசை சேர்த்த பிரதியே ஏற்றது, ஏனெனில் அக்காலத் திரையரங்குகளிலும் பேசாப்படங்கள் பெரும்பாலும் நேரடி இசையோடுதான் ஓடின.

துப்பறிவாளராகும் ஆசையில் இருக்கும் திரையரங்க ஆபரேட்டர்மீது, காதலியின் தந்தையுடைய பைக்கடிகாரத்தைத் திருடிய பழி விழுகிறது. இந்தத் தொடக்கப் பகுதியில் வரும் முகங்களை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அவர்களே பிறகு கனவில் வேறு வேடத்தில் வருகிறார்கள்.

புரொஜெக்டர் அருகே உறங்கும் அவரது உடலிலிருந்து இன்னொரு உருவம் எழுந்து, நடந்து சென்று, திரைக்குள்ளேயே ஏறிவிடுகிறது. உருவம் பிரிவது ஒரே படச்சுருளில் இருமுறை பதிவு செய்ததால் விளைந்தது. அதன்பின் தோட்டம் தெருவாகவும், தெரு மலைவிளிம்பாகவும், பிறகு சிங்கங்கள், பாலைவனம், கடல், பனி என்றும் சூழல் மாறிக்கொண்டே இருக்க, அவர் மட்டும் அதே நிலையில் தொடர்கிறார். மறுமுறை பார்க்கும்போது ஒவ்வொரு மாற்றத்துக்கும் சற்று முன் நிறுத்தி, அவரது பாதமும் தோளும் சட்டகத்தில் எங்கே இருக்கின்றன என்று குறித்துக்கொண்டு, அடுத்த சட்டகத்துக்கு நகருங்கள். கேமராவுக்கும் நடிகருக்கும் இடையிலான தொலைவை நில அளவைக் கருவிகளால் அளந்து, அடுத்த இடத்திலும் அவரை அதே புள்ளியில் நிறுத்திய உழைப்பு அப்போது தெளிவாகத் தெரியும். எனக்கு இந்தப் படத்தில் இதைவிட வியப்பான பகுதி வேறில்லை.

ரயில் கூரைமேல் ஓடி, தண்ணீர்த் தொட்டியின் குழாயைப் பற்றி அவர் இறங்கும் காட்சி கனவுக்கு முன்பே வந்துவிடும். கொட்டிய நீரின் வேகத்தில் தண்டவாளத்தில் விழுந்த கீட்டனுக்குக் கழுத்தெலும்பு முறிந்திருந்தது பல ஆண்டுகளுக்குப் பிறகே எக்ஸ்ரேயில் தெரியவந்தது. எனவே விழுந்த கணத்தோடு கண்ணை எடுத்துவிடாமல், அவர் எழுந்து ஓடுவதையும் சேர்த்துப் பாருங்கள்.

இறுதிக் காட்சியில் காதலி ஆபரேட்டர் அறைக்கு வருகிறாள். திரையில் நாயகன் செய்வதைச் சிறு சாளரம் வழியே பார்த்து இவரும் அப்படியே செய்கிறார். அப்போது இவர் கண்கள் திரைக்கும் அவளுக்குமாக அலைவதைப் பின்தொடருங்கள்.