திருகோணமலையை ஒரே நாளில் சுற்றுகிறவர்கள் விடும் பிழைகள்

சித்திரை கழிந்து கடல் படிந்துவிட்டால் நிலாவெளி வீதியில் வான்கள் கூடிவிடும். கொழும்பு, யாழ்ப்பாணம், கனடா, லண்டன் என்று எல்லாப் பக்கத்துச் சனமும் வந்து இறங்கும். ஒரு வானும் ஒரு வழிகாட்டியும் பிடித்தால் கோட்டை, கோயில், வெந்நீரூற்று, புறாத்தீவு எல்லாவற்றையும் ஒரே நாளில் பார்த்துவிடலாம் என்பது அவர்கள் கணக்கு. கணக்கில் பிழை இல்லை, ஊர் கைக்கடக்கமானதுதான். ஆனால் வழிகாட்டித் தொழிலுக்குப் புதிதாக வந்த பொடியன்கள், நாங்கள் ஒரு காலத்தில் போட்ட அதே கோணல் திட்டங்களைத் தூசி தட்டி எடுத்துக் கொடுக்கிறார்கள். வருகிறவர்களும் "நல்லாயிருக்கு தம்பி" என்று தலையாட்டுகிறார்கள். அதைப் பார்க்கத்தான் பொறுக்கவில்லை.

தொப்பி கொண்டுவாருங்கள், தண்ணிப் போத்தல் கொண்டுவாருங்கள் என்றெல்லாம் இங்கே எழுதப்போவதில்லை. அதை உங்கள் அம்மாவே சொல்லுவா.

கோயிலை முதலில் வைப்பது

இதைச் சொன்னால் சிலருக்குக் கோபம் வரும். வந்தாலும் பரவாயில்லை.

எங்கள் ஆட்கள் வந்தால் திட்டம் எப்போதும் ஒரே மாதிரிதான்: "முதலில் கோணேசரைக் கும்பிடுவோம், மற்றதெல்லாம் பிறகு." வெளியே சொல்லும் காரணம் பக்தி. சொல்லாத காரணம் மத்தியானச் சாப்பாடு. நிலாவெளிப் பக்கம் போய் நண்டும் இறாலும் ஒரு பிடி பிடித்தால், பிறகு கோயிலுக்குள் கால் வைக்க மனம் வராது. மச்சம் சாப்பிட்டாயிற்றே! ஆகவே கோயில் காலையில், நண்டு மத்தியானம், கடல் பின்னேரம். தாளில் எழுதிப் பார்த்தால் அருமையான ஒழுங்கு.

கடலுக்கு அந்த ஒழுங்கு தெரியாது. நல்ல சீசனில்கூடக் காலையில்தான் அது அமைதியாகக் கிடக்கும். வெயில் ஏற ஏறக் காற்று எழும்பும், அலை தூக்கும். நிலாவெளிக் கரையிலிருந்து போட்டில் ஏறினால் பத்துப் பதினைந்து நிமிடத்தில் புறாத்தீவு. ஆனால் காலை எட்டு மணிக்குப் போகும் அந்தப் பத்து நிமிடமும் பின்னேரம் மூன்று மணிக்குப் போகும் அந்தப் பத்து நிமிடமும் ஒன்றல்ல. காலையில் தண்ணீருக்குள் முகத்தை வைத்தால் பவளமும், அதற்குள் ஓடும் மீனும், செட்டை நுனி கறுத்த சின்னச் சுறாக்களும் தெளிவாகத் தெரியும். பின்னேரம் மணல் கலங்கிவிடும். தெரிவது உங்கள் கால்தான். அதோடு இந்தத் தீவு 2003 இலிருந்து தேசியப் பூங்கா. வனசீவராசிகள் திணைக்களத்தின் ரிக்கற் எடுத்துத்தான் போகவேண்டும், பின்னேரம் சுணங்கிப் போனால் அதுவும் கிடைக்காது.

போன சீசனில் ஒரு குடும்பம் வந்தது. புருசன், பெண்சாதி, இரண்டு பிள்ளைகள், ஒரு ஆச்சி. திட்டம் போட்டுக் கொடுத்தவன் புதுப் பொடியன். ஒன்பது மணிக்குக் கோணேசர். அருச்சனை, கோயிலடியில் இராவணன் வெட்டு என்கிற பாறைப் பிளவில் நின்று படம், இறங்கி வரும் வழியில் கடைகளில் காப்பும் விளையாட்டுச் சாமானும். இப்படியே பதினொன்றரை. பிறகு கன்னியா வெந்நீரூற்று. உச்சி வெயிலில், சூடு பறக்கும் தரையில், வெந்நீரை அள்ளித் தலையில் ஊற்றினால் எப்படியிருக்கும்? பிள்ளைகள் வானுக்குள்ளேயே இருந்துவிட்டார்களாம். அதன் பிறகு நிலாவெளிக்கு ஓட்டம், நண்டுக் கறி, மூன்று மணிக்குப் போட்.

என் ஆட்கள் தீவுக்குப் போய் வந்து, குளித்துச் சாப்பிட்டு, தென்னை நிழலில் சாய்ந்திருந்த நேரம் அது. போட்காரர் கடலைப் பார்த்தார், ஆச்சியைப் பார்த்தார். "போகலாம், ஆனா ஆடும்" என்றார். காசு கட்டியாயிற்று, போகாமல் விடுவார்களா? ஒரு மணித்தியாலத்துக்குள் திரும்பி வந்தார்கள். சின்னவன் அழுகிறான், ஆச்சி சாப்பிட்ட நண்டைக் கடலுக்கே திருப்பிக் கொடுத்துவிட்டா, தகப்பன் கையில் ஒருமுறைகூட முகத்தில் போடாத வாடகைக் கண்ணாடி. போட்டுக்குக் கொடுத்த காசும் ரிக்கற் காசும் போனது போனதுதான்.

அது அல்ல என்னை எரிச்சல்படுத்தியது. அந்தப் பொடியன் அவர்களிடம் சொன்ன ஒரு வார்த்தை: "இண்டைக்குக் கடல் சரியில்லை அண்ணா." அன்று காலை அதே கரையில் நின்றவன் நான். தாம்பாளத்தில் ஊற்றிவைத்த தண்ணீர் மாதிரிக் கிடந்தது கடல். திட்டத்தின் பிழையைக் கடலின் தலையில் கட்டிவிட்டான். அவர்களும் அதை நம்பிக்கொண்டு ஊருக்குப் போய், "திருகோணமலைக் கடல் பொல்லாதது" என்று இன்றைக்கும் கதைத்துக்கொண்டிருப்பார்கள்.

நான் செய்வது இதுதான். விடிய ஆறு மணிக்கு டவுனில் பத்திரகாளி அம்மன் வாசலில் வானை நிறுத்துவேன். தேங்காய் உடை, கும்பிடு, திருநீறு பூசு. பத்து நிமிடம். முதல் கும்பிடு முடிந்தது, யாருக்கும் மனக்குறை இல்லை. அங்கிருந்து நேரே நிலாவெளி. முதல் போட்களோடு தீவுக்குப் போய்ப் பதினொரு மணிக்குள் கரைக்கு வந்துவிடவேண்டும். மத்தியானம் சைவச் சாப்பாடு. நண்டு இரவைக்கு. அது எங்கேயும் ஓடிவிடாது. இல்லை, மத்தியானமே நண்டு வேண்டும் என்று வீட்டில் பெரியவர்கள் நின்றால், கோணேசரை அடுத்த நாள் காலைக்கு வையுங்கள். கடலைப் பின்னேரத்துக்குத் தள்ளாதீர்கள்.

சாப்பிட்டுத் திரும்பும் வழியில் உப்புவெளியில் யுத்த மயானம். 1942 ஏப்ரல் 9 இல் ஜப்பானிய விமானங்கள் இந்தத் துறைமுகத்தில் குண்டு போட்ட கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்ல அதைவிட நல்ல இடம் இல்லை. வெயில் சரியத் தொடங்கக் கன்னியா. ஏழும் சின்னச் சின்னக் கிணறுகள், குனிந்தால் அடி தெரியும், ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு சூடு. வாளியால் அள்ளித்தான் ஊற்றவேண்டும். இறங்கி நீந்தலாம் என்று நீச்சல் உடுப்போடு வந்து, கிணற்றைப் பார்த்துவிட்டு என்னை ஒரு பார்வை பார்க்கிறவர்களும் உண்டு.

கடைசியாகக் கோணேசர். மத்தியானப் பூசையோடு நடை சாத்தினால் பின்னேரம் நாலு மணியளவில்தான் திறப்பார்கள். அதற்குள் வெறுங்காலில் நிற்க முடியாத அளவு கொதித்துக் கிடந்த தரையும் ஆறிவிடும். இருட்டும் நேரத்துப் பூசை முடிய வெளியே வந்தால் கடற்காற்று. அவசரம் இல்லாமல் நிற்கலாம், ஏனென்றால் அதற்குப் பிறகு போகவேண்டிய இடம் எதுவும் இல்லை.

"சாமியைக் கடைசியில வைக்கிறதா?" என்று கேட்கிறவர்களுக்கு என் பதில் ஒன்றுதான். அந்த மலையில் கடலைப் பார்த்தபடி இருக்கிற சாமிக்குக் காற்று எழும்பும் நேரம் தெரியாதா?

மார்கழியில் புறாத்தீவு

வாடைக்காற்றுக் காலம். போட் ஓடாது.

"எல்லாம் சேர்த்துத்தானே?" என்று கேட்பதோடு விடுவது

"ஓம்" என்றுதான் பதில் வரும். எல்லாம் என்றால் எது எது என்று கேளுங்கள். வானுக்கு எத்தனை கிலோமீற்றர் வரை அந்த விலை, அதற்கு மேல் போனால் கிலோமீற்றருக்கு எவ்வளவு, வழிகாட்டியின் கூலி, போட், தீவு ரிக்கற், நீச்சல் கண்ணாடியும் காலில் மாட்டும் துடுப்பும் வாடகைக்கு எடுத்தால் அது, கன்னியா ரிக்கற், சாரதியின் சாப்பாடு. இவை ஒவ்வொன்றும் தனித்தனிக் கணக்கு. போட்டுக்கு ஒரு விலை, தீவு ரிக்கற் ஆளுக்கு ஒன்று. இரண்டு பேராகப் போனால் ஆளுக்கு விழும் செலவும், ஆறு பேராகப் போனால் விழும் செலவும் ஒன்றாக இருக்காது.

வெளிநாட்டில் இருந்து வரும் எங்கள் சனத்துக்கு இன்னொரு விசயம். ரிக்கற் கவுண்டரில் தமிழ் கதைத்தால் மட்டும் உள்ளூர் விலை கிடைத்துவிடாது. வெளிநாட்டுக் கடவுச்சீட்டுக்காரருக்கு விலை பல மடங்கு. "நான் மூதூரில பிறந்தவன்" என்று ஒரு ஐயா கவுண்டரில் நின்று அரை மணித்தியாலம் வாதாடினார். உள்ளே இருந்தவர் அமைதியாக, "அடையாள அட்டை இருக்கா ஐயா?" என்று கேட்டார். இல்லை. இரட்டைப் பிரசாவுரிமை இருந்தால் அதற்கான இலங்கை ஆவணத்தைக் கையோடு கொண்டுவாருங்கள். இல்லாவிட்டால் வெளிநாட்டு விலையைத் திட்டத்தில் சேர்த்துவிட்டு நிம்மதியாக வாருங்கள். வரிசையில் பின்னுக்கு நிற்கிறவர்களுக்கு அந்த அரை மணித்தியாலம் கடலில் போகவேண்டிய நேரம்.

சாரதிதான் வழிகாட்டி என்று நினைப்பது

வான் ஓட்டுகிறவர் எல்லோரும் வழிகாட்டி இல்லை. இலங்கை சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபை வழிகாட்டிகளுக்கு அனுமதிப்பத்திரம் கொடுக்கிறது. சாரதியாகவும் வழிகாட்டியாகவும் வேலை செய்கிறவர்களுக்கென்று அதில் ஒரு தனிப் பிரிவே இருக்கிறது. கழுத்தில் தொங்கும் அட்டையைக் காட்டச் சொல்லிக் கேட்பதில் மரியாதைக் குறைவு ஒன்றும் இல்லை.

அட்டையைவிடச் சுலபமான சோதனை ஒன்று சொல்கிறேன். கோட்டைக்குப் போகும்போது, "வாசலில் மீன் எங்கே இருக்கு?" என்று கேளுங்கள்.

பிரடெரிக் கோட்டையின் வாசற்கல்லில் இரண்டு மீன்கள் செதுக்கியிருக்கும். பாண்டியரின் இணைக்கயல். பக்கத்திலேயே தேய்ந்துபோன தமிழ் எழுத்துகள். கோணேசருக்குக் குளக்கோட்டன் என்ற அரசன் செய்த திருப்பணியைப் பின்னாளில் பறங்கி, அதாவது போர்த்துக்கேயன், பிரிப்பான் என்ற பழம்பாட்டை அந்த எழுத்துகளோடு சேர்த்துத்தான் எங்கள் ஊரில் சொல்லுவார்கள். போர்த்துக்கேயர் 1622 இல் கோணேசர் கோயிலை இடித்து, அதன் கற்களைக் கொண்டே 1624 இல் கோட்டையைக் கட்டினார்கள். 1639 இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள், 1795 இல் ஆங்கிலேயர். இப்போதைய பெயர் 1803 இல் வைத்தது. இவ்வளவு கதையும் அந்த ஒரு வாசலில் நிற்கிறது. வானை நிறுத்தாமல் அதற்குள்ளால் விட்டு ஓட்டிக்கொண்டு போய், மேலே இராவணன் வெட்டில் இறக்கி, "இராவணன் வாளால வெட்டினவன், படம் எடுங்கோ" என்பதோடு முடிக்கிறவருக்கு வழிகாட்டிக் கூலி எதற்கு? வான் கூலி போதும்.

மானுக்கு பிஸ்கட்

கோட்டைக்குள் திரியும் மான்களுக்குக் கொடுக்காதீர்கள். பொலித்தீன் பையையும் சேர்த்தே விழுங்கும்.

ட்ரோன்

கோட்டைக்குள் இராணுவம், துறைமுகத்தில் கடற்படை. வீட்டிலேயே வைத்துவிட்டு வாருங்கள்.

சிகிரியாவையும் செருகுவது

போக மட்டும் கிட்டத்தட்ட நூறு கிலோமீற்றர். ஏறி இறங்க அரை நாள். அதை முடித்துத் திரும்பும்போது ஹபரணைக்கும் கந்தளாய்க்கும் இடையில் பொழுது பட்டுவிடும். யானை வீதிக்கு ஏறும் நேரமும் அதுதான். சிகிரியா பார்க்கத்தான் வேண்டும், ஆனால் அதற்கு வேறு நாள் ஒதுக்குங்கள்.

கூடுதலாக ஓர் இடம் வேண்டுமென்றால் கிட்டவே இருக்கிறது. எனக்குப் பிடித்தது தம்பலகாமம். வயல்வெளிக்கு நடுவில் ஆதிகோணேசர் கோயில். மலைக்கோயில் இடிபட்டபோது காப்பாற்றிக் கொண்டுபோன திருவுருவங்களை வைத்துக் கட்டிய கோயில் என்பது ஊர் வழக்கு. மலையில் நடந்ததைக் கேட்டுவிட்டு அங்கே போனால் கதையின் மிச்சம் கிடைக்கும். பழைய கற்களில் ஆசை உள்ளவர்களுக்குக் கன்னியாவுக்கு அப்பால் வெல்கம் விகாரை. சோழர் காலத்துத் தமிழ்க் கல்வெட்டுகள் இருக்கும் பௌத்தப் பள்ளி, இராஜராஜப் பெரும்பள்ளி என்று அதற்குப் பெயர். தமிழ் ஆட்கள் அங்கே போவது குறைவு. மார்பிள் பீச் அழகுதான், ஆனால் காலையில் நிலாவெளியில் குளித்தவர்களுக்கு இன்னொரு கடற்கரை எதற்கு?

கடலில் சூரியன் மறைவதைக் காத்திருப்பது

இது கிழக்குக் கரை.

முழுக் காசையும் முன்னுக்கே கொடுப்பது

அரைவாசி போதும், மிச்சத்தைப் பின்னேரம் இறங்கும்போது கொடுக்கலாம். அதைவிட முக்கியம், உண்மையிலேயே கடல் சரியில்லாத நாளில் போட் ஓடாவிட்டால் எவ்வளவு கழிப்பார்கள், அதற்குப் பதிலாக எங்கே கூட்டிக்கொண்டு போவார்கள் என்பதை முதல் நாளே வட்ஸ்அப்பில் எழுத்தாக வாங்கிவிடுங்கள். வாயால் சொன்னதை யாரும் வேண்டுமென்று மறப்பதில்லை. ஆனாலும் காலை ஆறு மணிக்கு வானுக்குப் பக்கத்தில் நின்று, "நீங்க அப்பிடிச் சொல்லேல்லையே அண்ணா" என்று தொடங்கினால் அந்த நாள் முழுக்க இரண்டு பக்கத்துக்கும் முகம் தொங்கிவிடும்.