தொட்டியில் பிளம்: கன்று வாங்கும் முன்பே தொடங்கும் வேலை

பிளம் வளர்க்க ஆசை வந்ததும் நான் முதலில் வாங்கியது தொட்டியை. பிறகு கண்ணுக்குப் பிடித்த ஒரு கன்று. மூன்று வருடம் இலையாகத் தள்ளியது. ஒரு பூ எட்டிப் பார்க்கவில்லை. உரம் மாற்றிப் பார்த்தேன், இடம் மாற்றிப் பார்த்தேன். தவறு கன்று வாங்கிய அன்றே நடந்துவிட்டது என்பது பிறகுதான் புரிந்தது. அதனால் இந்தச் செய்முறை தொட்டியில் தொடங்கவில்லை.

படி 1: குளிரைக் கணக்கிடுங்கள்

பிளம் இலையுதிர்த்து உறங்கும் மரம். உறங்கும் காலத்தில் சுமார் 7 டிகிரி செல்சியஸுக்குக் கீழே குறிப்பிட்ட மணி நேரம் கழிந்தால்தான் மொட்டுகள் ஒழுங்காக விழிக்கும். ஐரோப்பிய பிளம் வகைகள் பெரும்பாலும் 700 மணி நேரத்துக்கு மேல் குளிர் கேட்கும். ஜப்பானிய வகைகளில் குறைந்த குளிருக்கு இசைந்தவை உண்டு: ‘மெத்லி’க்கு 250 மணி நேரமே போதும், ‘சான்டா ரோசா’வுக்கு 300 முதல் 400 வரை. குளிர்காலமே இல்லாத இடத்தில் இருப்பவர்கள் பிளம் ஆசையை விட்டுவிட்டு வேறு பழமரம் பார்ப்பது நல்லது. ஐஸ் கட்டியைத் தொட்டியில் கொட்டுவதெல்லாம் வீண் வேலை.

படி 2: ஒட்டுக்கன்றாக, தன் மகரந்தத்தில் காய்க்கும் ரகமாக வாங்குங்கள்

சில ரகங்கள் துணை மரம் இல்லாமல் காய்க்காது. ஒரே தொட்டிதான் வைக்கப்போகிறீர்கள் என்றால் ‘விக்டோரியா’, ‘மெத்லி’ போன்று தானே காய்ப்பவை ஏற்றவை. துணை மரம் வைப்பதானாலும் ஐரோப்பிய வகைக்கு ஜப்பானிய வகை பொதுவாகத் துணையாகாது.

எந்த வேர்ச்செடியில், அதாவது ஒட்டுக்கு அடியில் வேராக நிற்கும் செடியில், ஒட்டியது என்றும் கேளுங்கள். ரகத்தின் பெயரைச் சொல்லும் கடைக்காரர்கள் இதைச் சொல்ல மறந்துவிடுவார்கள். மரத்தைக் குட்டையாக வைப்பது அதுதான். ‘பிக்ஸி’ என்ற வேர்ச்செடி தொட்டிக்குப் பொருந்தும். ‘செயின்ட் ஜூலியன் ஏ’ கொஞ்சம் வேகமாக வளரும், ஆனாலும் சமாளிக்கலாம். பழம் தின்றுவிட்டுக் கொட்டையை ஊன்றினால் முளைக்கலாம். காய்க்கப் பல வருடம் ஆகும், தாய் மரத்தின் பழமும் கிடைக்காது.

படி 3: நடுதல்

தொட்டி 45 முதல் 50 செ.மீ. அகலமும் ஏறக்குறைய அதே ஆழமும் இருக்கட்டும். அடியில் துளைகள் கட்டாயம். அடியில் சரளைக்கல் பரப்பும் வழக்கத்தை நான் விட்டுவிட்டேன். அது நீர் வடிய உதவுவதில்லை, வேருக்கான இடத்தைத்தான் பிடித்துக்கொள்கிறது. இரண்டு பங்கு தோட்ட மண், ஒரு பங்கு மட்கிய உரம், ஒரு பங்கு பெருமணல் அல்லது பெர்லைட் என்ற கலவை போதும்.

இலையில்லாமல் உறங்கும் பருவத்தில் நடுங்கள். ஒட்டுக்கட்டிய வீக்கம் மண்ணுக்கு மேல் நான்கு விரற்கடை தெரியவேண்டும். விளிம்புக்குக் கீழே 5 செ.மீ. காலியாக விட்டால்தான் ஊற்றும் நீர் வழியாமல் நிற்கும். முட்டுக்கம்பு நட்டுக் கட்டிவிட்டு, நாள் முழுக்க வெயில் படும் இடத்தில் வையுங்கள்.

படி 4: தண்ணீர்

தொட்டி பிளம் பெரும்பாலும் சாவது இங்கேதான். தரையில் நிற்கும் மரம் வேரை நீட்டி ஈரம் தேடிக்கொள்ளும். தொட்டி மரத்துக்கு உங்கள் கையை விட்டால் வேறு வழியில்லை. காலையில் விரலை இரண்டு கணு ஆழம் விடுங்கள். ஈரமாக ஒட்டினால் விட்டுவிடலாம்; காய்ந்திருந்தால் அடித்துளையில் நீர் வரும்வரை ஊற்றுங்கள். கோடையில் தினமும் வேண்டியிருக்கும்.

ஒரு ஏமாற்று வேலையைக் கவனியுங்கள். மண் மிகவும் காய்ந்துவிட்டால் சுருங்கித் தொட்டிச் சுவரைவிட்டு விலகிவிடும். ஊற்றிய உடனே அடியில் நீர் கொட்டும், நமக்குத் திருப்தி. உண்மையில் அது இடுக்கு வழியாக இறங்கி ஓடியிருக்கும், வேர்க்கட்டி உள்ளே வறண்டு கிடக்கும். அப்போது தொட்டியை அகன்ற வாளி நீரில் அரை மணி நேரம் நிறுத்துங்கள். காய் பழுக்கும் நேரத்தில் சில நாள் காயவிட்டுப் பிறகு குடம் குடமாக ஊற்றினால் பழம் வெடிக்கும்.

படி 5: உரம்

துளிர்க்கும்போது மெல்லக் கரையும் உரம் ஒருமுறை. காய் பிடித்ததிலிருந்து பறிக்கும்வரை இரண்டு வாரத்துக்கு ஒருமுறை சாம்பல் சத்து (பொட்டாசியம்) மிகுந்த திரவ உரம். தழைச்சத்தை (நைட்ரஜன்) அள்ளிக் கொட்டினால் இலையும் அசுவினியும்தான் மிஞ்சும்.

படி 6: பூவும் பிஞ்சும்

பிளம் முந்திப் பூக்கும். உறைபனி பூவைக் கருக்கிவிடும். பனி விழும் இரவில் துணி போர்த்துங்கள், அல்லது தொட்டியைக் கூரைக்கு அடியில் நகர்த்துங்கள். தேனீ வராவிட்டால் மெல்லிய தூரிகையால் பூவுக்குப் பூ தடவிவிடலாம்.

அடுத்தது மனதைக் கல்லாக்கிக்கொள்ள வேண்டிய வேலை. பிஞ்சுகள் சுண்டைக்காய் அளவுக்கு மேல் பெருத்து, தானாக உதிர்வன உதிர்ந்ததும், மிச்சத்தைக் கலைக்கவேண்டும். இரண்டு பிஞ்சுக்கு இடையே 5 முதல் 8 செ.மீ. இடைவெளி. பிஞ்சைக் கட்டைவிரலால் பக்கவாட்டில் தள்ளினால் காம்போடு வந்துவிடும். இழுத்தால் பக்கத்துப் பிஞ்சும் கூட வரும். எனக்கு மனம் வராமல் விட்ட வருடம், கைப்பிடி கனக் கிளை ஒன்று நள்ளிரவில் படீரென முறிந்தது. பிளம் கட்டை அவ்வளவு நொறுங்கும் இயல்புடையது.

படி 7: கவாத்து

குளிர்காலத்தில் கத்தி எடுக்காதீர்கள். வெள்ளி இலை நோய்ப் பூஞ்சை அந்த ஈரப் பருவத்தில் வெட்டுக்காயம் வழியாக உள்ளே நுழையும். இலை வெள்ளிப் பூச்சு பூசியதுபோல் மாறி, கிளையின் வெட்டுமுகத்தில் பழுப்புக் கறை தெரிந்தால் அதுதான். இளங்கன்றைத் துளிர்விடும்போதும், காய்க்கும் மரத்தைக் கோடையில் வறண்ட நாளிலும் வெட்டுங்கள். காய்ந்தவை, உரசுபவை, நடுவை அடைப்பவை ஆகியவற்றை எடுத்தால் போதும்.

படி 8: மண் மாற்றுதல்

இரண்டு மூன்று வருடத்துக்கு ஒருமுறை, இலை உதிர்ந்தபின், தொட்டியைச் சாய்த்து மரத்தை உருவுங்கள். வேர்கள் சுவரையொட்டி வட்டமாகச் சுற்றியிருந்தால் ஓரத்திலும் அடியிலும் இரண்டு விரல் கனம் சீவிவிட்டு, அதே தொட்டியில் புதுக் கலவையோடு வைக்கலாம். தூக்க இன்னொருவரைக் கூப்பிட்டுக்கொள்ளுங்கள். முந்தின நாள் தண்ணீர் ஊற்றாமல் இருந்தால் கனம் குறையும்.