ஒரு காரியம் சரியா தப்பான்னு கான்ட் முறையில சோதிச்சுப் பாக்கறது எப்படி

ஜெர்மன் தத்துவவாதி கான்ட் பேரைக் கேட்டாலே பாதி பேர் ஓடிருவாங்க, மனுஷன் எழுதுற வாக்கியம் அப்படி, ஆரம்பிச்சா முடியவே முடியாது. ஆனா 1785ல அவர் போட்ட சின்ன புக்ல இருக்கற டெஸ்ட்டை யார் வேணா யூஸ் பண்ணலாம், எங்க சொதப்புவோம்னு தெரிஞ்சா போதும்.

முதல்ல ரெண்டு வகை கட்டளையப் பிரிச்சுக்கோங்க. "நல்ல பேர் வேணும்னா உண்மை பேசு"ன்றது நிபந்தனை போட்டது, நல்ல பேர் வேணாம்னு ஒருத்தன் சொல்லிட்டா அதோட கதை முடிஞ்சுது. "உண்மை பேசு", அவ்ளோதான், உனக்கு என்ன ஆசை இருந்தாலும் சரின்றது நிபந்தனையில்லாதது. ஆசை ஆளுக்கு ஆள் மாறும், காலைல ஒண்ணு ராத்திரி ஒண்ணுன்னு மாறும், பகுத்தறிவு மட்டும்தான் எல்லாருக்கும் பொது, அதனால கடமைய அதுமேலதான் கட்டணும்ங்கறார். ஹியூம்னு இன்னொரு தத்துவவாதி இதுக்கு நேர் எதிர், அறிவே உணர்ச்சிக்கு அடிமைதான்னு சொன்னவர், அந்தச் சண்டைக்குள்ள இப்ப போகல.

இப்ப டெஸ்ட். செய்யப்போறத ஒரு வரில எழுதுங்க: எந்த நிலைமைல, என்ன செய்யறேன், எதுக்காக. கான்ட் சொல்ற உதாரணமே எடுத்துக்கலாம், "பணமுடைன்னா, திருப்பித் தர முடியாதுன்னு தெரிஞ்சே தர்றேன்னு சொல்லி கடன் வாங்குவேன்". இதையே எல்லாரும் சட்டம் மாதிரி செய்யறாங்கன்னு வைங்க. யாரும் யார் வாக்கையும் நம்பமாட்டாங்க, அப்ப உங்க பொய்யே எடுபடாது. இதை நெறைய பேர் "எல்லாரும் செஞ்சா உலகம் கெட்டுரும்"னு புரிஞ்சுக்கறாங்க, அது இல்லங்க பாயிண்ட். விளைவு நல்லதா கெட்டதான்னே அவர் பாக்கல, மத்தவங்க எல்லாம் வாக்கை மதிக்கணும் நான் மட்டும் மீறணும்னு உங்க திட்டமே தன்னையே முழுங்குதே, அந்த முரண்பாட்டைத்தான் பாக்கறார்.

நாம திருட்டுத்தனம் பண்றது அந்த வரிய எழுதுறப்பதான். "ரொம்ப களைப்பா இருக்கற செவ்வாய்க்கிழமை, கேட்டா லீவு கிடைக்காதுன்றப்ப மட்டும் உடம்பு சரியில்லன்னு சொல்லுவேன்"னு டீட்டெய்ல் சேத்துக்கிட்டே போனா எந்தப் பொய்யும் பாஸ் ஆகிரும், ஏன்னா உலகத்துலயே உங்களுக்கு மட்டும்தான் அது பொருந்தும். ஒவ்வொரு டீட்டெய்லா எடுத்துட்டுப் பாருங்க, புதன்கிழமையா இருந்தா சொல்லிருப்பீங்களா? சொல்லிருப்பீங்கன்னா செவ்வாய் அந்த வரில இருக்கவே கூடாது. உண்மையா உங்களை நகர்த்துற காரணம் மட்டும் மிஞ்சணும். நேர்மையா செஞ்சா இந்த ஒரு ஸ்டெப்புக்கே நேரம் ஆகும், மத்ததெல்லாம் ஈஸி.

சிலது முரண்படாது, ஆனா அப்படி ஒரு உலகத்தை மனசார விரும்பவும் முடியாது. யாருக்கும் உதவமாட்டேன்றது அப்படித்தான், அந்த உலகம் ஓடும், ஆனா நீங்களும் ஒருநாள் யார்கிட்டயாவது கை நீட்டித்தான் ஆகணும். அதனால உதவறதும் கடமைதான், ஆனா இந்த வகைக் கடமைல யாருக்கு எவ்ளோ செய்யணும்ன்றது உங்க இஷ்டம். பொய் வாக்கு விஷயத்துல அந்த இஷ்டம் எல்லாம் கிடையாது.

கூடவே இன்னொரு கேள்வி, எதிர்ல இருக்கறவரை வெறும் கருவியா மட்டும் பாக்கறேனா? அந்த "மட்டும்" முக்கியம். டாக்டர்கிட்ட போறதும் அவரைப் பயன்படுத்திக்கறதுதான், ஆனா அவர் தெரிஞ்சே சம்மதிக்கறார். பொய் சொல்லி கடன் வாங்கறப்ப, குடுக்கறவருக்கு எதுக்கு சம்மதிக்கறோம்னே தெரியாதே.

இனி சிக்கலான இடம். கொலைகாரன் வந்து உங்க ஃப்ரெண்ட் உள்ள இருக்காரான்னு கேட்டா? 1797ல கான்ட் அப்பக்கூட பொய் சொல்லாதன்னு எழுதுனார், எனக்கு இது சுத்தமா ஒத்துக்கல. 1930ல ராஸ்னு ஒரு தத்துவவாதி, கடமைகள் பல இருக்கு, மோதிக்கிட்டா அந்த நிலைமைல எது கனமோ அது ஜெயிக்கும்னார், நான் அவர் பக்கம். ஆனா கான்ட் பேசுனது பதில் சொல்லியே ஆகணும்ன்ற நிலைமையப் பத்தி. அப்படி இல்லன்னா வாயே திறக்காம கதவைச் சாத்திக்கலாம், அதை அவரும் தடுக்கல.