பீடி சுற்றும் திண்ணையில் அறிபுனைக் குறுநாவல் வாசிப்பது எப்படி?

கைக்கு வேலை இருந்து காது சும்மா இருக்கும் இடம் எதுவோ, அங்கே கதை வாசிக்கலாம். நெல்லைச் சீமையின் முக்கூடல், ஆலங்குளம், கடையம் பக்கத்துத் திண்ணைகளுக்கு இதைப் புதிதாகச் சொல்லித் தர வேண்டியதில்லை. மடியில் சுளகை (முறத்தை) வைத்துக்கொண்டு பீடி சுற்றும் பெண்களுக்கு முன்பு வானொலி ஓடியது, பிறகு தொலைக்காட்சித் தொடர், இப்போது கைபேசி. அந்தக் காதை வாரத்தில் ஒரு பிற்பகல் மட்டும் ஒரு புத்தகத்துக்காகக் கேட்டு வாங்குவது எப்படி என்பதைத்தான் எழுதுகிறேன். அதுவும் பெண்கள் எழுதிய சின்ன மாயக்கதைகளுக்காகவும், அச்சிலிருந்து காணாமற்போய்ப் பல ஆண்டுகள் கழித்து யாரோ தேடி எடுத்துக் கொடுத்த, அறிபுனை என்கிற அறிவியல் புனைகதைகளுக்காகவும்.

நான் ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியை. என் அம்மா சுற்றிய பீடியில்தான் நான் பி.எட். படித்தேன். ஆகவே திண்ணையை எனக்குத் தெரியும். அங்கே உட்கார்ந்து பாடம் நடத்தினால் யாரும் இருக்க மாட்டார்கள் என்பதும் தெரியும். இங்கிலீஷ் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு தமிழில் சொல்லிக்கொண்டு போவேன். வேலை செய்கிறவர்களுக்கு வாசித்துக் காட்டுவதில் புதுமை ஒன்றும் இல்லை. கியூபாவில், ஹவானா நகரத்துச் சுருட்டு ஆலைகளில், 1865-லேயே தொழிலாளர்கள் தங்கள் கூலியிலிருந்து காசு போட்டு ஓர் ஆளை உயரமான நாற்காலியில் உட்காரவைத்து வாசிக்கச் சொன்னார்கள். எனக்கு யாரும் காசு தருவதில்லை. காப்பி தருகிறார்கள், அதிலும் சில வீடுகளில் சர்க்கரை தூக்கல்.

முதலில் நேரத்தைப் பாருங்கள். இலை வெட்டும்போது வாசிக்காதீர்கள். நனைத்து ஈரச் சாக்கில் சுற்றி வைத்த இலையைத் தகடு வைத்துக் கத்தரியால் வெட்டும்போது கண் அங்கேயே இருக்க வேண்டும். நரம்பு பார்த்து வெட்டாவிட்டால் இலை வீணாகும், இலை வீணானால் கணக்கில் இடிக்கும். வெட்டி முடித்து, தூளை வைத்துச் சுற்றத் தொடங்கிய பிறகு விரல் தானாக ஓடும். அதுதான் கதைக்கு உரிய நேரம். கடைக்குப் பீடி கொண்டுபோகும் நேரத்துக்கு நல்ல இடைவெளி இருக்கும்போதே நிறுத்திவிடுங்கள். கட்டு எண்ணும்போது கதை சொன்னால் எண்ணிக்கையும் போகும், கதையும் போகும்.

குறுநாவலை நான் தேர்ந்தெடுப்பதற்கு இந்த நேரக் கணக்குதான் காரணம். அறிபுனைக்கும் மாயக்கதைக்கும் ஹியூகோ, நெபுலா என்ற விருதுகளைத் தருகிறவர்கள் 17,500 வார்த்தையிலிருந்து 40,000 வார்த்தை வரை உள்ளதைக் குறுநாவல் என்கிறார்கள். நிமிடத்துக்கு 150 வார்த்தை என்று வாய்விட்டு வாசித்தால் சின்னது இரண்டு மணி நேரம், பெரியது நாலரை மணி நேரம். நடுவில் கேள்வி, சண்டை, பால்காரர், அழும் பேரப்பிள்ளை எல்லாம் சேர்ந்தாலும் ஒரு மாதத்துக்குள் ஒரு புத்தகம் முடிந்துவிடும். மூன்று பாகம், ஐந்து பாகம் என்று இழுக்கும் மாயக்கதை வரிசைகளைத் தொடாதீர்கள். போன வாரம் வராதவருக்கு யார் யாருடைய மகன் என்று சொல்லிச் சொல்லியே உங்கள் பிற்பகல் கரைந்துவிடும்.

புத்தகம் கைக்கு வந்ததும் பின்னட்டையை நம்ப வேண்டாம். ‘மறக்கப்பட்ட மகத்தான படைப்பு’ என்று இப்போது எதன்மேலும் அச்சடிக்கிறார்கள். முகப்புத் தாளைத் திருப்பி, அதன் பின்பக்கத்தில் சின்ன எழுத்தில் இருக்கும் பதிப்பு விவரத்தைப் பாருங்கள். முதலில் எந்த ஆண்டு வந்தது, என்ன பெயரில் வந்தது, அடுத்து எப்போது வந்தது என்ற மூன்றையும் ஒரு தாளில் எழுதுங்கள். ஆண்டுகளுக்கு நடுவில் பள்ளம் தெரியும். அமெரிக்காவின் சார்லட் பெர்கின்ஸ் கில்மன் ‘ஹெர்லாண்ட்’ கதையைத் தானே நடத்திய ‘ஃபோர்ரன்னர்’ இதழில் 1915-இல் தொடராக எழுதினார். அது புத்தகமானது 1979-இல். இங்கிலாந்தின் கேத்தரின் பர்டெகின் எழுதிய ‘ஸ்வஸ்திகா நைட்’ 1937-இல் முரே கான்ஸ்டன்டைன் என்ற ஆண் பெயரில் வந்தது. ஹிட்லர் வென்று 700 ஆண்டுகள் கழிந்த உலகத்தை, இரண்டாம் உலகப் போர் தொடங்குவதற்கு முன்பே எழுதியவர் ஒரு பெண் என்பது, அவர் 1963-இல் இறந்து ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கழித்தே, டாஃப்னி படாய் என்ற ஆய்வாளரின் தேடலால் வெளியே வந்தது. நியூயார்க்கின் ஃபெமினிஸ்ட் பிரஸ் 1985-இல் அதை மறுபடி அச்சிட்டது. கே டிக் எழுதிய ‘தே’ 1977-இல் வந்து காணாமற்போய், ஒரு பழைய பொருள் கடையில் ஓர் இலக்கிய முகவர் கண்ணில் பட்டு 2022-இல் திரும்பி வந்தது.

இந்தப் பள்ளத்தைத் திண்ணையில் கதைக்கு முன்பே சொல்லிவிடுங்கள். ‘கண்டெடுத்தார்கள்’ என்றால் ‘தொலைத்தது யார்?’ என்று அடுத்த கேள்வி தானாக வரும். கேட்பவர்களுக்கு அது வெறும் இலக்கியச் செய்தியாக இருக்காது. தன் பெயரில் இருக்க வேண்டிய பாஸ்புத்தகம் வேறொருவர் பெயரில் இருந்ததைப் பார்த்தவர்கள் அந்தத் திண்ணையிலேயே இருப்பார்கள். நம் தமிழில் இந்தக் கணக்கு தலைகீழ் என்பதையும் சொல்லுங்கள், நன்றாகச் சிரிப்பார்கள்: இங்கே அறிவியல் கதைக்குப் பேர்போன சுஜாதா, மனைவியின் பெயரை வைத்துக்கொண்ட ஆண்.

முன்னுரையைக் கடைசியில் வாசியுங்கள். ஜேம்ஸ் டிப்ட்ரீ ஜூனியர் என்ற பெயரில் எழுதியவரின் தொகுதிக்கு 1975-இல் ராபர்ட் சில்வர்பெர்க் என்ற அறிபுனை எழுத்தாளர் முன்னுரை எழுதினார். இந்த எழுத்தில் மறுக்கவே முடியாத ஆண்தன்மை இருக்கிறது, இதை எழுதியவர் பெண் என்ற வதந்தி அபத்தம் என்று அடித்துச் சொன்னார். கொஞ்ச காலத்தில் குட்டு வெளிப்பட்டது. டிப்ட்ரீ என்பவர் அலிஸ் ஷெல்டன் என்ற அம்மையார். பெயரைக் கடையில் பார்த்த ஜாம் பாட்டிலிலிருந்து எடுத்தாராம். பெரிய மனிதர்களின் முன்னுரையை முதலில் வாசித்தால் கதையையும் அவர்கள் கண்ணால்தான் பார்ப்போம்.

எங்கே தொடங்குவது?

‘சுல்தானாவின் கனவு’. வேறு யோசனையே வேண்டாம். இது குறுநாவல்கூட இல்லை, சிறுகதை. ஒரே பிற்பகலில் முடியும். எழுதியவர் வங்காளத்தின் ரொக்கேயா சகாவத் ஹுசைன். அச்சானது நம் சென்னையில், 1905-இல், கமலா சத்தியநாதன் நடத்திய ‘இந்தியன் லேடீஸ் மேகசின்’ இதழில். இங்கிலீஷிலேயே எழுதப்பட்ட கதை. சென்னையின் தாரா புக்ஸ், கோண்ட் ஓவியர் துர்கா பாயின் படங்களோடு ஓர் அழகான பதிப்புப் போட்டிருக்கிறது. காசு இல்லையென்றாலும் கவலை இல்லை. ஆசிரியர் இறந்து 60 ஆண்டுகள் கழிந்தால் இந்தியச் சட்டப்படி உரிமை முடிகிறது. ரொக்கேயா 1932-இலும் கில்மன் 1935-இலும் இறந்தவர்கள். இரண்டு கதைகளும் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. கணினி மையத்தில் எழுத்தைப் பெரிதாக்கி அச்செடுத்துக்கொள்ளுங்கள். கைபேசியிலிருந்து வாசித்தால் நீங்கள் வேறெதையோ பார்க்கிறீர்கள் என்றுதான் நினைப்பார்கள்.

கதை இதுதான். சாய்வு நாற்காலியில் கண் அயர்ந்த சுல்தானாவை, சாரா அக்கா என்று அவள் நினைக்கும் ஒரு பெண் வெளியே கூட்டிக்கொண்டு போகிறாள். பட்டப்பகல், திறந்த தெரு, முகத்திரை இல்லை. இவளுக்கு நடக்கக் கால் கூசுகிறது. தெருவில் போகிற பெண்கள் இவளைப் பார்த்து, ‘ஆண்பிள்ளை மாதிரி இருக்கிறாள்’ என்று சிரிக்கிறார்கள். அந்த நாட்டில் ஆண்பிள்ளை என்றால் கூச்சமும் பயமும் உள்ளவர் என்று பொருள். ஆண்கள் வீட்டுக்குள் அடைபட்டிருக்கிறார்கள். அடுப்பில் புகை இல்லை, சூரிய வெப்பத்தில் சோறு வேகிறது. மேகத்திலிருந்து தண்ணீரை இறக்குகிறார்கள். படையெடுத்து வந்த எதிரியைச் சூரிய வெப்பத்தைத் திருப்பிவிட்டே விரட்டுகிறார்கள்.

எங்கள் திண்ணையில் வாசிப்பு நின்றுபோன இடம் வேறு. உங்கள் வேலையும் செய்து அலுவலக வேலையும் எப்படிச் செய்கிறீர்கள் என்று சுல்தானா கேட்கிறாள். சாரா கணக்குச் சொல்கிறாள்: ஒரு சுருட்டு எரிய அரை மணி நேரம், ஒருவன் நாளைக்குப் பன்னிரண்டு சுருட்டுப் பிடித்தால் ஆறு மணி நேரம் புகையாகவே போய்விடுகிறது, நாங்கள் இரண்டு மணி நேரத்தில் அலுவலக வேலையை முடித்துவிடுகிறோம். இதைச் சொன்னதும் சுளகுகள் குலுங்கின. சிரிப்பு அடங்கியதும் அடுத்த வீட்டு மதினி கேட்டார்கள்: அங்கே ஆண்கள் புகைக்காவிட்டால், சுருட்டுச் சுற்றிய பெண்களின் பிழைப்பு என்ன ஆயிற்று? கதையில் அதற்குப் பதில் இல்லை. இந்தக் கேள்விக்குப் பிறகு அன்று பேச்சு பீடி இலை எங்கிருந்து வருகிறது, வேலை நாள் ஏன் குறைகிறது என்று எங்கேயோ போயிற்று. போகவிடுங்கள். ‘கதைக்கு வருவோம்’ என்று இழுக்கிற வாத்தியார் புத்தி எனக்கும் உண்டு. நாக்கைக் கடித்துக்கொள்ள வேண்டும்.

கேட்பவர்களை நம்பவைப்பது பற்றிக் கவலைப்படாதீர்கள். கோயில் கொடைவிழாவில் விடிய விடிய வில்லுப்பாட்டில் இசக்கியம்மன் கதை கேட்டவர்களுக்கு மாயம் ஒரு பொருட்டே இல்லை. விண்கலம் என்றாலும் சரி என்பார்கள். ஆனால் விண்கலத்தில் யார் சமைத்தது, குளிக்கத் தண்ணீர் உண்டா, வீட்டில் சொல்லிவிட்டு வந்தாளா என்று துருவுவார்கள். இதற்கு விடை சொல்லத் தோதான குறுநாவல் நெடி ஒகோராஃபரின் ‘பின்டி’. 2015-இல் வந்தது, மறு ஆண்டு ஹியூகோவும் நெபுலாவும் வாங்கியது. நமீபியாவின் ஹிம்பா இனத்துப் பெண் ஒருத்தி, உடம்பில் செம்மண்ணும் எண்ணெயும் குழைத்துப் பூசியபடி, யாருக்கும் தெரியாமல் இருட்டோடு வீட்டைவிட்டுக் கிளம்பி வேற்றுக் கோளில் இருக்கும் பல்கலைக்கழகத்துக்குப் போகிறாள். மேல்படிப்புக்கு மகளை வெளியூர் அனுப்பலாமா என்று குடும்பத்தில் பேச்சு நடக்கும் வீட்டுத் திண்ணையில் இதை வாசித்துப் பாருங்கள்.

அடுத்து நிகி வோவின் ‘தி எம்ப்ரஸ் ஆஃப் சால்ட் அண்ட் ஃபார்ச்சூன்’. 2021-இல் ஹியூகோ பெற்றது. நாடுகடத்தப்பட்ட ஓர் அரசியின் வீட்டுச் சாமான்களைத் துறவி ஒருவர் ஒவ்வொன்றாகக் குறித்துக்கொண்டு வர, அந்த அரசியிடம் பணி செய்த கிழவி அந்தந்தச் சாமானின் கதையைச் சொல்கிறாள். சாமானுக்குச் சாமான் நிறுத்தலாம், வாசிப்பவருக்குச் சுகம். அரண்மனையை அரசர்கள் சொல்லாமல் வேலைக்காரி சொல்வதால் திண்ணை உடனே கிழவியின் பக்கம் சேர்ந்துவிடும். வோண்டா மெகின்டயர் 1973-இல் எழுதிய ‘ஆஃப் மிஸ்ட், அண்ட் கிராஸ், அண்ட் சாண்ட்’ சின்னது. பாம்புகளை வைத்து வைத்தியம் பார்க்கும் பெண்ணின் பாம்பை, நோயாளிப் பையனின் வீட்டார் பயத்தில் கொன்றுவிடுகிறார்கள். கொன்றது சரிதான் என்று ஒரு பாதி, பாவம் என்று ஒரு பாதி. அன்றைக்கு நான் வாயே திறக்கவில்லை.

இரண்டு எச்சரிக்கைகள். ‘ஹெர்லாண்ட்’ கதையில் ஆண்களே இல்லாத நாடு அருமையாக வரும். கூடவே யார் பிள்ளை பெறலாம், யார் பெறக் கூடாது என்ற தரம் பிரிப்பும், உயர்ந்த இனம் என்ற பேச்சும் வரும். அதை விழுங்கிவிட்டு வாசிக்காதீர்கள், வாசித்துவிட்டுத் திட்டுங்கள். ரேச்சல் இங்கால்ஸ் 1982-இல் எழுதிய ‘மிசஸ் காலிபன்’, சமையலறைக்குள் நுழையும் கடல்பிராணி ஒருவனுக்கும் குடும்பப் பெண் ஒருத்திக்கும் நடக்கும் கதை. அதில் படுக்கையறை உண்டு. கூட்டத்தில் பள்ளிப் பிள்ளைகள் இல்லாத நாளாகப் பாருங்கள். பெரியவர்கள் கூசுவார்களோ என்று தயங்க வேண்டாம். எங்கள் தெரு ஆச்சிதான் ‘அப்புறம்?’ என்று முதலில் கேட்டார்கள்.

புத்தகத்துக்கு எங்கே போவது என்றால், பாளையங்கோட்டை மாவட்ட மைய நூலகத்தில் முதலில் தேடுங்கள். புத்தகத் திருவிழா சமயத்தில் இங்கிலீஷ் கடைகளில் அலமாரியின் அடித்தட்டைக் குனிந்து பாருங்கள், இந்த வகை அங்கேதான் கிடக்கும். மற்றவை தபாலில்தான். நாலைந்து பேர் சேர்ந்து ஒரு பிரதி வாங்கினால் போதும், வாசிப்பவர் ஒருவர்தானே. முதல் நாள் இரவே பென்சிலோடு படித்து, நிறுத்தும் இடங்களைக் கோடு போட்டு வையுங்கள். பெயர்களை மாற்ற வேண்டாம். புரியாத கருவி வந்தால் அது என்ன வேலை செய்கிறது என்று மட்டும் சொல்லிவிட்டு நகருங்கள்.

இரண்டு மூன்று குறுநாவல் முடிந்து, ஆட்கள் நிலைத்துவிட்டார்கள் என்று தெரிந்தபின் நீளமான ஒன்றைத் தொடலாம். ஆஸ்திரியாவின் மார்லென் ஹவுஸ்ஹோஃபர் 1963-இல் ஜெர்மனில் எழுதிய ‘சுவர்’. மலையில் தங்கியிருக்கும் பெண் ஒருநாள் காலையில் பார்த்தால், கண்ணுக்குத் தெரியாத சுவர் ஒன்று உலகத்தைப் பிரித்திருக்கிறது. இந்தப் பக்கம் அவளும், ஒரு நாயும், ஒரு மாடும், ஒரு பூனையும். உருளைக்கிழங்கு நடுகிறாள், வைக்கோலுக்குப் புல் அறுக்கிறாள், மாட்டுக்குப் பிரசவம் பார்க்கிறாள். கடைசிப் பக்கங்கள் வரும்வரை வேறு பெரிய நிகழ்ச்சி இல்லை. நகரத்து வாசகர்கள் சிலருக்கு இது இழுவையாகப் படலாம். மாடு கட்டியிருக்கும் வீட்டுத் திண்ணையில் ஒரு வரியைத் தாண்டவிட மாட்டார்கள். கன்று எந்தப் பக்கம் திரும்பியிருந்தது என்று கேட்பார்கள், அந்தப் பக்கங்களைத் தயார் செய்துகொண்டு போங்கள். நாய் இறந்துபோகும் என்பதை எழுதியவரே தொடக்கத்தில் சொல்லிவிடுகிறார், நீங்களும் மறைக்காதீர்கள். அந்த இடம் வரும் பிற்பகலில் மட்டும் கடைக்குப் போகும் அவசரம் யாருக்கும் இல்லாதபடி பார்த்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் அன்று பீடி ஓடாது.